ஒரே காட்டுக்குள்ளே

வடசேரியில் ஏறிய குழித்துறை பஸ்ஸில் என் முன்சீட்டில் இரண்டு இளம்பெண்கள் இருந்தார்கள். ஜன்னலோரம் இருந்தவள் சொன்னாள்:

"நேத்து நானும் எனக்க மாப்பிளையும் ஒரே காட்டுக்குள்ளதான் நின்னோம். ஆனா ஒருத்தரையொருத்தர் காணல்ல."

நான் காதைத் தீட்டிக்கொண்டேன். அது கம்ப்யூட்டர் கேம் என்று புரிய எனக்குச் சுங்கான்கடை வரை ஆனது. கணவர் மஸ்கட்டில் வேலை. சாயங்காலங்களில் இருவரும் நெட்டில் சேர்ந்து விளையாடுவார்களாம்.

"மோடத்த அணைச்சிட்டுத் திரும்பப் போட்டியா?" என்றாள் தோழி.

"போட்டேன். நெட்டுக்கு ஒண்ணும் இல்ல."

"நீ எந்த சர்வர்ல நின்ன?"

"இந்தியா. அவரு கல்ஃப் சர்வர்."

"அதாம்ட்டி. ஒவ்வொரு சர்வருக்கும் தனித்தனி காடுல்லா, வேற வேற சர்வர்ல நின்னா எப்படிக் காணும்? நீ கல்ஃபுக்கு மாத்தணும்."

"மாத்துனேனே. பொறவும் காணல்ல. போன் போட்டுக் கேட்டா, அதே நேரத்துல அவரு இந்தியாவுக்கு மாத்தியிருக்காரு."

தோழி சிரித்துவிட்டாள். "ஏட்டி, ஒராளாவது நின்ன எடத்துல நிக்கணும்லா?"

"அதத்தான் நானும் சொன்னேன். நீங்க இனி இந்தியாவுலயே இருங்க, எங்கயும் போவாண்டாம்னு."

"அவரு என்ன சொன்னாரு?"

"அதுக்கு லீவு கெடைக்கணும்லான்னாரு."