ஒரே பெயரில் இரண்டு கோப்புகள்

கணினித் திரையில் 'கோப்பு காணவில்லை' என்று வந்தால் யாரும் பதற வேண்டியதில்லை. பெரும்பாலும் அது அரைமணி நேர வேலை. எந்தக் கோப்பு என்று பெயரைப் பார்க்க வேண்டும்; நல்ல பிரதி ஒன்றை எடுத்து அதே இடத்தில் வைக்க வேண்டும்; வைத்ததும் ஒருமுறை ஓட்டிப் பார்க்க வேண்டும். இந்தக் கடைசி வேலையைத்தான் நிறையப் பேர் விட்டுவிடுவார்கள். திரை வாயை மூடிக்கொண்டால் போதும் அவர்களுக்கு.

ஒன்றுவிடாமல் எழுதித் தரச் சொன்னீர்கள். அதனால் கோப்பைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். மருத்துவமனையில் மருந்தகத்துக்கு ஒரு மென்பொருள், வார்டுகளுக்கு ஒன்று, ஆய்வகத்துக்கு ஒன்று. ஒரே கணக்கை மூன்றிலும் எழுதுவானேன் என்று பொதுவான கணக்குகளை ஒரு தனிக் கோப்பாக எழுதி வைத்தேன். தேவைப்படும்போது மூன்றும் அதைக் கூப்பிட்டுக்கொள்ளும். அடுக்குமாடி வீடுகளில் எல்லாருக்கும் மொட்டைமாடியில் ஒரே தண்ணீர்த் தொட்டி இருக்கிறதே, அந்த மாதிரி. வசதிதான். தொட்டியில் எது விழுந்தாலும் எல்லார் வீட்டுக் குழாயிலும் வரும்.

பக்கத்து அறையில் நீங்கள் பத்து நாளாகக் காவலில் வைத்திருப்பவன் என் மச்சான். என் தங்கையைக் கட்டியவன். அதற்கு முன்பே என் நண்பன். அவன் நடத்திவந்த கடை படுத்துக்கொண்டபோது, நிர்வாகத்திடம் கெஞ்சி என் அறையில் இன்னொரு நாற்காலி போடவைத்தேன். ஆறு வருடம் முதுகோடு முதுகாக உட்கார்ந்து வேலை பார்த்தோம். அவனுக்குச் சளி பிடித்தால் எனக்கும் பிடிக்கும்.

அந்தக் கோப்பில் நான் ஒரு தவறு செய்திருந்தேன். மருத்துவர் ஒரு நாளுக்கென்று எழுதும் மருந்தின் அளவை வேளைகளால் வகுக்க வேண்டும். முதல் பிரதியில் நான் வகுக்கவில்லை. மூன்று வேளைக்கு உரியது ஒரே வேளைக்கென்று வார்டுக்குப் போகும் மருந்துச் சீட்டில் அச்சாகிவிட்டது. முதல் சீட்டைப் பார்த்ததுமே ஒரு மூத்த செவிலியர் நேராக என் அறைக்கு வந்தார். "தம்பி, இதைக் குடுத்தா ஆள் எழுந்திரிக்க மாட்டாங்க" என்றார். குரலைக்கூட உயர்த்தவில்லை. அன்றே திருத்தினேன். அவரும் வெளியே விடவில்லை, நானும் மூச்சு விடவில்லை. மச்சானிடம் மட்டும் சொன்னேன், தங்கை வீட்டில் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது. சொல்லும்போது அழுதுவிட்டேன். "விடு மச்சான். நடக்காததுக்குப் போய் அழுவாங்களா" என்று என் தட்டில் இன்னும் கொஞ்சம் சோறு போட்டான்.

இரண்டு வருடம் கழித்துப் புதிய மேலாளர் வந்தார். கணினி அறைக்கு ஒரு ஆள் போதும் என்றார். என்னைக் கூப்பிட்டு ஒரு தாளைப் படித்துக் காட்டினார். அந்தச் சீட்டு, அந்தத் தேதி, செவிலியர் சொன்ன வார்த்தை, எல்லாம் அதில் இருந்தன. மச்சான் மேலாளருக்குப் பின்னால் நின்று மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தான். வேலை போனது பெரிதாகத் தெரியவில்லை. அவனிடம் நான் அழுது சொன்னது தாளில் ஏறியிருந்ததே, அதைத்தான் தாங்க முடியவில்லை.

தங்கைக்கு எல்லாம் முன்பே தெரிந்திருந்தது. "குடும்பத்துல ஒருத்தருக்காவது வேலை இருக்க வேண்டாமா அண்ணா? உனக்கென்ன, பொண்டாட்டியா, புள்ளையா?" என்று கேட்டாள். அவள் படிப்பு முடியட்டும், கல்யாணம் முடியட்டும் என்றுதான் எனக்கு அந்த இரண்டும் இல்லாமல் போயின. அதை நான் அவளுக்குச் சொல்லிக்காட்டவில்லை. சொல்லிக்காட்டுவது என் குணம் இல்லை.

கடைசி நாள் சாவியை ஒப்படைக்கப் போனேன். எனக்குத் தேநீர் வாங்கிவர மச்சான் கீழே போனான். எல்லாக் கோப்புகளின் நல்ல பிரதிகளும் இருக்கும் பென் டிரைவ் அவன் மேசை இழுப்பறையில் இருந்தது. அந்த ஒரு கோப்பை மட்டும் அழித்துவிட்டு, கையோடு கொண்டுபோயிருந்த வகுக்காத முதல் பிரதியை வைத்தேன். பெயர் ஒன்றுதான். தேதியை மட்டும் புதியதாக மாற்றினேன். போடுமுன் தேதி பார்க்க வேண்டும் என்று அவனுக்குச் சொல்லிக் கொடுத்ததே நான்தான், கட்டாயம் பார்ப்பான். பிறகு அவன் கொண்டுவந்த தேநீரைக் குடித்தேன். பொறுமையாக, கடைசிவரை குடித்தேன்.

பன்னிரண்டு நாள் கழித்து ஒரு திங்கட்கிழமை, காலை பத்து மணிக்கு, வீட்டிலிருந்தபடியே மருத்துவமனைக் கணினிக்குள் போனேன். என் கடவுச்சொல்லை நீக்கியிருக்க வேண்டியது மச்சான். அவன் நீக்கவில்லை. உள்ளே இருந்த சரியான கோப்பை அழித்துவிட்டு வெளியே வந்தேன். திங்கள் பத்து மணிக்கு எல்லா வார்டும் தொலைபேசியில் கத்தும். அந்தக் கத்தலில் அவன் பென் டிரைவைத்தான் தேடுவான். வைத்த பிறகு ஒரு சீட்டு அச்சிட்டுப் பார்க்க மாட்டான். நானாக இருந்தால் பார்த்திருப்பேன். அந்த மூத்த செவிலியர் போன வருடமே ஓய்வு பெற்றுவிட்டார். அதையும் யோசித்துத்தான் செய்தேன்.

பத்தரை மணிக்குத் தங்கையிடமிருந்து ஃபோன் வந்தது. அவள் வீட்டுக்குப் போவதை நான் நிறுத்திய பிறகு அவளாகப் பேசியது அதுதான் முதல் தடவை. "என்னமோ கோப்பு காணோம்னு வார்டெல்லாம் நின்னுபோச்சாம் அண்ணா. அவர் உன்னைக் கூப்பிடாமலே கால் மணி நேரத்துல சரி பண்ணிட்டாரு. நீ சொல்லிக் குடுத்ததுதானே" என்றாள். பெருமையாகத்தான் சொன்னாள். எனக்கும் அதில் பங்கு கொடுத்தாள். நல்லது என்று சொல்லி வைத்தேன்.

மதியம் பன்னிரண்டு மணிச் சீட்டில் குழந்தைகள் வார்டுக்கு அளவு போனது. வலிப்புக்காகச் சேர்க்கப்பட்டிருந்த ஆறு வயதுப் பெண் குழந்தை. மறுநாள் வீட்டுக்கு அனுப்புவதாக இருந்தார்களாம். ஊசி போட்ட செவிலியர் வேலைக்குச் சேர்ந்து நான்கு மாதம்தான் ஆகியிருந்தது. சீட்டில் இருந்ததைப் போட்டார். குழந்தை எழுந்திருக்கவில்லை. அவர்மேல் தவறு இல்லை என்று எங்கே வேண்டுமானாலும் வந்து சொல்கிறேன். அடுத்த கட்டிலுக்குப் போவதற்குள் விஷயம் தெரிந்து எல்லாவற்றையும் நிறுத்திவிட்டார்கள்.

மச்சானைப் பிடித்துக்கொண்டு வந்தீர்கள். நான் நினைத்தபடிதான் நடந்தது. ஆனால் செய்தித்தாளில் அந்தக் கோப்பை உருவாக்கியவனே அவன் என்று போட்டிருந்தார்கள். என் வேலையை எடுத்துக்கொண்டவனுக்கு என் கோப்பையும் தூக்கிக் கொடுப்பதா? அதைத் திருத்தத்தான் நானாக இங்கே வந்தேன். தயவுசெய்து குறித்துக்கொள்ளுங்கள்: இரண்டு பிரதியும் என்னுடையவை.

நான் இங்கே வரும்வரை தங்கை தினமும் அழுதுகொண்டு ஃபோன் செய்தாள். "உன்னை விட்டா அவருக்கு யாரு இருக்கா?" என்றாள். கூட இருந்தவன் குழி பறித்தால் எப்படி இருக்கும் என்று இப்போது அவளுக்கும் புரிந்திருக்கும்.

பத்தரைக்கும் பன்னிரண்டுக்கும் நடுவே ஏன் வார்டைக் கூப்பிடவில்லை என்று மூன்று முறை கேட்டுவிட்டீர்கள். எண் எனக்கு மனப்பாடம். அந்த ஒன்றரை மணி நேரமும் ஃபோன் என் கையில்தான் இருந்தது. கூப்பிட்டிருந்தால் குழந்தை வீட்டுக்குப் போயிருக்கும். ஆனால் அவனும் தப்பித்திருப்பான்.