இவளுக்கு இன்னும் தெரியாது

சிட்னியின் பரமட்டாவில் ரயிலேறிய இரண்டு பெண்கள் என் எதிரே அமர்ந்தார்கள். இருவருக்கும் முதியோர் இல்லப் பணியாளர் சீருடை. கண்ணாடியில் மழை கோடு கோடாய் இறங்கிக்கொண்டிருந்தது.

“அந்த நடிகையைச் சாகடிச்சது நான்தான், அக்கா,” என்றாள் இளையவள்.

“விசர்க் கதை கதையாதை. மனிசி உயிரோடதானே கிடக்கிறா.”

“லண்டன் மேடையில ராணி வேசம் போட்டவவாம். பிறகு இருவது வருசம் டிவி நாடகத்தில அம்மா. இப்ப மறதியோட எங்கட இல்லத்தில. பழசைப் பாத்தால் சந்தோசப்படுவா எண்டு ஒரு எபிசோட் போட்டுக் காட்டினனான். அதிலதான் அந்த அம்மா சாகிறா. எனக்குத் தெரியாது, அக்கா.”

“முழுக்கப் பாத்தவவோ?”

“ஓம். ‘என்னை முடிச்சுப்போட்டாங்கள், இனி வேலையில்லை’ எண்டு அழுதவ. மூண்டு நாளாச் சாப்பிடேல்லை. செத்த ஆளுக்கு ஏன் சூப் எண்டு கேக்கிறா.”

“எல்லாத்தையும் மறக்கிற மனிசி, இதையும் மறந்திடுவா.”

“இதை மட்டும் மறக்கிறா இல்லை.”

மூத்தவள் கொஞ்சம் யோசித்தாள். “எடி, அவ உயிரோட இருக்கிற பழைய எபிசோட் ஒண்டைப் போடன்.”

“நேற்றே போட்டனான். அதில அவவே சிரிச்சுச் சிரிச்சுத் தேத்தண்ணி ஊத்திறதைப் பாத்திட்டு, ‘பாவம், இவளுக்கு இன்னும் ஒண்டும் தெரியாது’ எண்டு முகத்தைத் திருப்பிட்டா.”