நிறைந்தே திரும்பிய தண்ணீர் பாட்டில்

அவைக்குத் தலைமையேற்றிருக்கும் தலைமையாசிரியை அம்மையார் அவர்களே! ஆண்டெல்லாம் நின்றபடி பேசிவிட்டு, இன்று ஒருநாள் உட்கார்ந்து கேட்க வந்திருக்கும் ஆசிரியப் பெருமக்களே! அடுப்பை அணைத்த கையோடு ஓடிவந்த தாய்மார்களே! அவர்கள் இழுத்துவந்த தந்தைமார்களே! (பின்வரிசையில் சிரிக்கும் அண்ணே, உங்களையும் சேர்த்துத்தான்!) அனைவருக்கும் வணக்கம்.

நான் ஆவணப்படம் எடுப்பவள். இந்த அரசுப் பள்ளியைப் படமெடுத்தேன். ஓட்டிப் பார்த்தால் பிள்ளைகள் முகம் இருக்கிறது, ஆசிரியர்கள் முகம் இருக்கிறது, பெற்றவர்கள் முகம் மட்டும் இல்லை! அத்தனையும் முதுகு! வாசலில் பிள்ளையை இறக்கிவிட்டு, வந்த வேகத்தில் வண்டியைத் திருப்பிய முதுகு! முதுகை வைத்துக்கொண்டு நான் என்ன படம் காட்டுவது?

இங்கே அமர்ந்திருக்கும் தையற்கடை அக்காவின் கதையை அவர் சம்மதத்தோடு சொல்கிறேன். மகளுக்கு ஓயாத வயிற்றுவலி. படிப்பை நிறுத்திக் கடையில் உட்காரவைக்க முடிவே செய்துவிட்டார். நான் வீட்டுக்குப் போனபோது மகளின் பையிலிருந்து தண்ணீர் பாட்டிலை எடுத்தார். தளும்பத் தளும்ப இருந்தது.

"பாரும்மா, ஒரு வாய் குடிக்கல. அழுத்தக்காரி! தினமும் இத செடிக்குத்தான் ஊத்துறேன்."

பள்ளியில் விசாரித்தேன். வகுப்பாசிரியை சொன்னார்: "கழிப்பறைக் கதவுல தாழ்ப்பாள் போயிடுச்சு. எழுதிக் கேட்டிருக்கோம், இன்னும் வரல. ஆனா அதுக்குப் பயந்து புள்ளைங்க தண்ணியே குடிக்கறதில்லன்னு எனக்குத் தெரியாதே!"

தாய்க்குப் பாட்டில் தெரியும், தாழ்ப்பாள் தெரியாது. ஆசிரியைக்குத் தாழ்ப்பாள் தெரியும், பாட்டில் தெரியாது. இருவருக்கும் நடுவே நின்றது எது? மலையா? கடலா? மதிலா? திறந்தே கிடந்த ஓர் இரும்புக் கேட்!

பள்ளிக்கு உள்ளே வந்து பாருங்கள் என்றேன். அக்கா தயங்கினார். "நான் உள்ள வந்து என்னத்தப் பேசப்போறேன்?" என்றார். வந்தார். அந்தக் கதவைப் பார்த்தார். "எம் பொண்ண வாய்க்கு வந்தபடி திட்டினேனே" என்று அங்கேயே அழுதார். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, தச்சுவேலை செய்யும் கணவரைக் கையோடு கூட்டிவந்தார். "ஊர்க் கதவுக்கெல்லாம் தாழ்ப்பாள் போடுறீங்க. நம்ம பொண்ணு படிக்கிற இடத்துக்கு ஒரு நடை வந்தீங்களா?" அவர் உளியை எடுத்தார், அந்தக் கதவுக்குத் தாழ்ப்பாள் ஏறியது.

என்ன ஐயா, கை தூக்குகிறீர்கள்? "அரசாங்கம் செய்ய வேண்டிய வேலைய நாங்க எதுக்குச் செய்யணும்?" நியாயமான கேள்வி! செய்ய வேண்டியது அரசாங்கம்தான். செய்யவில்லையே என்று கேட்க வேண்டியது யார்? உடைந்தது எதுவென்றே அறியாதவர் எதைக் கேட்பார்? யாரைக் கேட்பார்? வாசலோடு திரும்புகிறவரின் குரல் எந்த வகுப்பறையில் கேட்கும்?

படம் இன்னும் முடியவில்லை. கடைசிக் காட்சி பாக்கி. நாளைக் காலை என் கேமரா கேட்டுக்கு உள்ளே நிற்கும். வாருங்கள்! வேலை உடையோடு வாருங்கள்! வியர்வையோடு வாருங்கள்! வந்து வகுப்பைப் பாருங்கள், குழாயைத் திறங்கள், கதவைத் தட்டுங்கள், கேள்வி கேளுங்கள்! எனக்கு முதுகு போதும், முகம் வேண்டும்!

நேற்று அக்கா என்னிடம் அலுத்துக்கொண்டார்: "உன்னால எனக்கு ஒரு வேலை கூடிப்போச்சும்மா. இப்பல்லாம் செடிக்குத் தனியா தண்ணி பிடிக்க வேண்டியிருக்கு."

அந்த அலுப்பு இங்குள்ள ஒவ்வொரு வீட்டுக்கும் வரட்டும்! செவிகொடுத்த உங்களுக்கு நன்றி. நாளைக் காலை, கேட்டுக்கு உள்ளே, நேருக்கு நேர் வணக்கம் சொல்வோம்!