காட்டுக்குள் ஒரு கிணறு

அக்கராயன் குடியேற்றத்துக்குப் போகும் பஸ்ஸில் எனக்கு முன்னால் ஒரு வாத்தியாரும் வயல் செய்யும் ஒரு கமக்காரரும் இருந்தார்கள்.

"துருக்கிப் பக்கம் ஒரு சின்ன ஊர், அண்ணை. முந்தி முழுக்க அசீரியர் எண்ட பழஞ்சனம். அடிச்சுக் கலைச்சுப்போட்டாங்கள்."

"இப்ப ஆர் இருக்கினம், மாஸ்டர்?"

"பிறகு வந்த ஆக்கள். கேட்டால், முந்தி இஞ்சை ஒருத்தரும் இருக்கேல்லை எண்டு சொல்லுகினமாம்."

"வெக்கங்கெட்ட சனம்! அப்ப வீடு, கோயிலெல்லாம் தானா முளைச்சதோ?"

வாத்தியார் சிரித்தார். "நீங்கள் யாழ்ப்பாணத்தாலை வந்து குடியேறேக்கை இஞ்சை ஆர் இருந்தது?"

"ஒரு குஞ்சும் இல்லை. வெறுங்காடு. நாங்கள்தான் வெட்டித் திருத்தினனாங்கள்."

"குடிதண்ணிக்குக் கஷ்டப்பட்டிருப்பியளே?"

"சீச்சீ!" கமக்காரர் நெஞ்சை நிமிர்த்தினார். "நாங்கள் வரேக்கையே காட்டுக்குள்ளை கல்லாலை கட்டின கிணறு இருந்தது. துலாவிலை கயிறுகூடத் தொங்கினது."