இருட்டில் சொல்லாத பெயர்

ஆகஸ்ட் 12, செவ்வாய். நேற்று நோட்டில் எழுதியதில் ஒரு சின்னத் தப்பு. இந்த ஊரின் பழைய மொழியான குவாரனிப் பாடத்தில் 'ஜாகுவா' என்ற சொல்லுக்கு நேராக 'நாய்' என்று மட்டும் எழுதி, அடிக்கோடும் போட்டாகிவிட்டது. டீச்சர் இன்று மாலை வகுப்பில் திருத்தினார். ஸ்பானியர்கள் கப்பலில் நாயைக் கொண்டுவருவதற்கு முன்பே அந்தப் பெயர் இங்கே இருந்ததாம். காட்டில் திரியும் புள்ளிச் சிறுத்தைக்கு. பெயர் நாய்க்குப் போனபிறகு, பழைய சொந்தக்காரனுக்கு ஒரு வாலை ஒட்டினார்கள். ஜாகுவாரெத்தே. நிஜமான ஜாகுவா.

டீச்சர் அதைப் பலகையில் எழுதி, வாய்விட்டுப் படிக்கச் சொன்னார். கூடப் படிக்கும் ரூஃபினா மட்டும் படிக்கவில்லை. இருட்டியாச்சு டீச்சர், என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். கரண்ட் போனது அதற்குப் பிறகுதான். (இந்த வரிசை சரிதானா என்று இரண்டு பேரிடம் கேட்டாயிற்று.) ஒற்றை மெழுகுவர்த்தியைச் சுற்றி நெருங்கி உட்கார்ந்தபோது அவள் சொன்னது இது. அவளுடைய தாய்மாமா சின்ஃபோரியானோவுக்கு நடந்தது.

சாயங்காலம் ஆறரை. குளிர்காலம்... அதற்குள் கும்மிருட்டு. யெர்பா என்ற தேநீர் இலைத் தோட்டத்தைத் தாண்டி ஓடைக்குப் போகிற செம்மண் பாதை. ஒரு வீடு கிடையாது. சின்ஃபோரியானோ நாயோடு நடக்கிறார். தம்பி எர்மெலிந்தோ கண்ணி பார்க்கக் காட்டுக்குள் போய் மூன்று நாள். அம்மா மூன்று நாளாகத் தூங்கவில்லை. தம்பி இல்லாமல் திரும்பி வராதே என்று சொல்லித்தான் அனுப்பியிருந்தாள்.

ஓடைக்கரையில் கண்ணி கிடந்தது. பக்கத்தில் காட்டுப்பன்றி எலும்புகள். டார்ச்சை அடித்துப் பார்த்தார். தீ மூட்டக் குச்சி அடுக்கியிருந்தது. ஆனால் ஒன்றுகூடக் கருகவில்லை. எலும்பில் ஒட்டியிருந்த இறைச்சி... சிவப்பாக.

அந்த ஊரில் ஒரு கட்டுப்பாடு உண்டு. காட்டில் அகப்பட்டதை வீட்டுக்குக் கொண்டுவந்து, வேகவைத்து, பங்கு போட்டுத்தான் சாப்பிடவேண்டும். தனியாக, பச்சையாகத் தின்றவன் மனுஷனாகத் திரும்பமாட்டான். எதுவாகத் திரும்புவான் என்பதை இருட்டில் யாரும் பெயர் சொல்லிப் பேசுவதில்லை.

டார்ச்சை அணைத்தார்.

நாய் விறைத்து நின்றது. குரைக்கவில்லை. ஈரத்தோல் வாடை... பச்சை ரத்த வாடை. சருகில் ஒரு காலடி. நின்றது. இன்னொன்று.

"அண்ணே..."

தம்பியின் குரல்தான். அதே கரகரப்பு.

"குளிருதுண்ணே. வீட்டுக்குக் கூட்டிட்டுப் போ."

ஓடிப்போய்க் கட்டிக்கொள்ளத்தான் கால் எழுந்தது. ஆனால் நாய் நடுங்கிக்கொண்டிருந்தது. ஒன்றே ஒன்று கேட்டார்.

"நாய் எதைப் பாத்துடா பயப்படுது?"

மனுஷனாக இருந்தால் அந்த நேரத்தில் வாய் திறந்து சொல்லமாட்டான். அதிலும் எர்மெலிந்தோ, பகலிலேயே அந்தப் பெயருக்குக் காதைப் பொத்திக்கொள்கிறவன்.

மெல்லிய சிரிப்பு.

"ஜாகுவா... ரெத்தே."

அவசரமே இல்லை. யாரென்று கேட்டால் தன் பெயரைச் சொல்வதுபோல.

சின்ஃபோரியானோ திரும்பி நடந்தார். ஓடவில்லை. பின்னால் காலடி வந்துகொண்டே இருந்தது. நாலு கால். தோட்டத்து வேலிக்குப் பக்கத்தில் அது இரண்டானது. அப்புறம் பாதையை விட்டு விலகி, குறுக்கே போய்விட்டது.

வீட்டுக்கு வந்தால் அடுப்புக்குப் பக்கத்தில் எர்மெலிந்தோ. அம்மா அழுதுகொண்டே மரவள்ளிக்கிழங்கை உரித்துக் கொடுக்கிறாள். இப்பத்தான் குறுக்கு வழியில வந்தான், என்றாள். சின்ஃபோரியானோ தம்பியின் கையைப் பிடித்துப் பார்த்தார். சூடாக, சாதாரணமாக இருந்தது. பக்கத்தில் உட்கார்ந்தார். மூன்று நாள் பாரம் இறங்கிய மாதிரி இருந்ததாம்.

அம்மா தண்ணீர் எடுக்க வெளியே போனாள். எர்மெலிந்தோ கிழங்கை மென்றுகொண்டே, தலை நிமிராமல் கேட்டான்.

"நீ கேட்டதுக்குத்தான் பதில் சொன்னேன்லண்ணே. அப்புறமும் ஏன் விட்டுட்டு வந்த?"

ரூஃபினா அதோடு நிறுத்திவிட்டாள். பிறகு என்ன ஆச்சு என்று, முதலில் சிரித்தவர்களில் ஒருவனான தாரியோ கேட்டான். குரலில் பழைய கிண்டல் இல்லை.

"என்ன ஆகணும்? பாட்டி கேட்ட பிள்ளை வந்தாச்சு. இன்னும் ஒரே வீட்டுலதான் இருக்காங்க. நாய்தான் உள்ளே வராது."

நாளை: வகுப்பு அடுப்புக்கு விறகு வருகிறது, சாயங்காலம் ஆறரைக்கு. கொண்டுவருவது எர்மெலிந்தோ. கேட் சாவி என்னிடம். நேரத்தோடு போய்த் திறந்துவிடவேண்டும்.