வேம்பு கேட்ட கேள்வி

அகஸ்டின் சார்,

வெளிநாட்டில் கல்யாணம் வைத்தால் முதல் கவலை வாழை இலைதான். மண்டபம், முகூர்த்தமெல்லாம் பிறகு. சிங்கப்பூரில் இருநூறு நுனி இலை ஒரே நாளில் கிடைக்குமா என்று மூன்று பேரிடம் விசாரித்தேன். மூவரும் மூன்று விதமாகச் சொன்னார்கள்.

உங்கள் கிறிஸ்தவ வீடுகளில் வழக்கம் வேறு. அதனால் விளக்கிவிடுகிறேன். எங்களில் கல்யாணத்தை நடத்துவது பெண் வீடு. ஒரு கான்ட்ராக்டரைப் பிடித்துவிட்டால் சமையல், புரோகிதர், மாலை, நவதானியம் முளைக்கவைக்கும் பாலிகைக் கிண்ணம் எல்லாம் அவர் பொறுப்பு. மயிலாப்பூரில் அப்படிப்பட்டவர்கள் தெருவுக்கு ஒருவர் உண்டு. கடல் தாண்டிப் போகத் தயாராக இருந்தவர்கள் தொண்ணூற்றாறில் இரண்டே பேர்தான் எனக்குக் கிடைத்தார்கள். தி. நகர் வேம்பு, அடையாறு கிச்சா.

மாப்பிள்ளை நிரஞ்சன் சிங்கப்பூரில் கம்ப்யூட்டர் வேலையில் இருந்தான். பெற்றோரும் அங்கேதான். மூன்று நாளுக்கு மேல் லீவு கிடைக்காது என்பதால் கல்யாணத்தை அங்கேயே வைக்கச் சொன்னார்கள். நான் மறுக்கவில்லை. பெண் பார்க்க வந்த அன்று அவன் அம்மா ஜானு மாமி, "ரெண்டே வருஷம் மாமா. அப்புறம் அடையாறுல ஃப்ளாட். உங்க பொண்ணு பஸ்ல கால் மணியில வந்துடுவா" என்று சொல்லியிருந்தார்.

என் மனைவி காலமானபோது என் ஒரே பெண் மஹதிக்குப் பதினெட்டு வயது. அதிலிருந்து வீடு அவள் கையில். பெசன்ட் நகரில் பள்ளிக்கூட வேலை, மாலை ஐந்துக்குள் வந்துவிடுவாள். என் காப்பியின் சூடு அவளுக்குத்தான் தெரியும். இதை ஒரு காரணமாகச் சொல்லவில்லை. உள்ளதைச் சொல்கிறேன்.

நிச்சயமான பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் ஜானு மாமி போன் செய்தார். மஹதி கோயிலுக்குப் போயிருந்தாள்.

"மாமா, ஒரு சந்தோஷ சமாசாரம். நிரஞ்சனுக்கு இங்கேயே நிரந்தரமா இருக்க அனுமதி வந்துடுத்து. இனிமே மெட்ராஸ் பேச்சே இல்லை. மஹதிக்கும் வாங்கிடலாம்."

"ரொம்ப சந்தோஷம்" என்றேன்.

"இன்னொண்ணு. அவனுக்கு வேர்க்கடலை ஆகாது. நாக்குல பட்டாலே தொண்டை அடைச்சுண்டுடும். ஏழு வயசுல பொழைச்சதே பெருமாள் புண்ணியம். கான்ட்ராக்டர்கிட்ட மறக்காம சொல்லிடுங்கோ."

"சொல்லிடறேன்" என்றேன். அப்போது சொல்லிவிடுவதாகத்தான் இருந்தேன்.

அந்த வாரம் மஹதியோடு வேம்புவின் வீட்டுக்குப் போனேன். அவர் ஒரு நீள நோட்டில் எல்லாவற்றையும் எழுதினார். இலை விமானத்தில் வாடாமலிருக்க ஈரச் சாக்கு, சமையலுக்கு நான்கு பேர், அப்பளம் அங்கே வாங்கக் கூடாது. கடைசியில் பேனாவை மூடாமல் கேட்டார்.

"சம்பந்தியாத்துல யாருக்காவது இன்னது ஆகாதுன்னு உண்டா மாமா? ஒரு கல்யாணத்துல மாப்பிள்ளையோட அத்தைக்குப் பெருங்காயம் ஆகாது. நேக்குத் தெரியலை. ரசத்தை ஒரு வாய் சாப்பிட்டுட்டு என்னைப் பார்த்தா பாருங்கோ, இன்னிக்கும் சொப்பனத்துல வரா. அதுலேர்ந்து கேட்டுண்டுதான் அடுப்பு மூட்டறது."

மஹதி சிரித்தாள்.

"அப்படி யாரும் இல்லை" என்றேன்.

"நன்னா யோசிச்சு சொல்லுங்கோ."

"இல்லை."

இல்லை என்பதையும் அவர் தேதி போட்டு எழுதிக்கொண்டார். என் வாய் ஏன் அப்படிச் சொன்னது என்று எனக்கே புரியவில்லை. முப்பத்து நான்கு வருஷம் உங்களோடு ஒரே பள்ளியில் ரசாயனம் சொல்லிக்கொடுத்தவன் நான். ஒரு சோதனையில் எதிர்பாராத நிறம் வந்தால் கொட்டிவிடக் கூடாது, குறித்துக்கொள்ள வேண்டும் என்று பிள்ளைகளுக்குச் சொல்வேன். குறித்துக்கொண்டேன்.

திரும்பும் பஸ்ஸில் மஹதி, "இவரையே வெச்சுக்கலாமேப்பா. எவ்வளவு விசாரிக்கறார்" என்றாள்.

"நோட்டைப் பார்த்துச் சமைக்கிறவன் கையில ருசி இருக்காதும்மா" என்றேன்.

கிச்சா வேறு மாதிரி ஆள். வீட்டுக்கு வரச் சொல்லவில்லை. எங்களில் கான்ட்ராக்டரைத் தேர்ந்தெடுக்கப் பழைய வழி ஒன்று உண்டு. அவர் சமைக்கும் வேறு யாருடைய கல்யாணத்துக்காவது போய்ச் சாப்பிட்டுப் பார்ப்பது.

"அடையாறு மண்டபத்துக்கு நாலு மணிக்கு வந்துடுங்கோ மாமா. யாராவது கேட்டா பையனோட பெரியப்பான்னு சொல்லுங்கோ. எந்தக் கல்யாணத்துலயும் ரெண்டு பெரியப்பா கூடுதலாத்தான் இருப்பா."

தனியாகப் போனேன். மாப்பிள்ளை வீட்டார் வந்திறங்கும் நேரத்து டிபன். போண்டா, கேசரி, வெள்ளை வெளேரென்று தேங்காய்ச் சட்னி. நாக்கில் வைத்ததும் தெரிந்தது. இலையை மூடிவிட்டுப் பின்கட்டுக்குப் போனேன். அம்மிக்குப் பக்கத்தில் ஒரு முறம். அதில் வறுத்த வேர்க்கடலையின் சிவப்புத் தோல், குவியலாக.

கிச்சாவுக்கு வெட்கமில்லை. பெருமைதான்.

"பாதி தேங்காய், பாதி கடலை. தேங்காய் மட்டும்னா நாலு மணிக்கு அரைச்சது ஆறு மணிக்கு ஊசிப்போயிடும். பதினஞ்சு வருஷமா போடறேன், ஒரு நாக்கு கண்டுபிடிக்கலை. நீங்கதான் மொதல் ஆள்."

கல்யாணச் சமையலில் வேர்க்கடலைக்கு இடமில்லை என்பது எங்கள் வீடுகளில் எல்லோருக்கும் தெரியும். தேங்காய், முந்திரி, திராட்சை. வேர்க்கடலை கடற்கரையில் பொட்டலம் வாங்கிக் கொறிப்பது. கல்யாண இலையில் அதைத் தேட யாருக்கும் தோன்றாது. அது ஆகாதவனுக்கும் தோன்றாது.

கிச்சா இலையைப் பற்றிக் கேட்டார். பாஸ்போர்ட்டைப் பற்றிக் கேட்டார். யாருக்காவது ஏதாவது ஆகாதா என்று கேட்கவில்லை. வெற்றிலை பாக்கை அங்கேயே மாற்றிக்கொண்டோம்.

முகூர்த்தம் மறுநாள் காலை. முதல் நாள் நாலு மணி டிபனுக்குச் சேவை போடலாம் என்றார் கிச்சா. போண்டாவும் சட்னியும் என்று நான் சொன்னேன். இதை நீங்கள் தவறாக எடுத்துக்கொள்ளக் கூடாது. தாலி ஏறிய பிறகு ஏதாவது நேர்ந்தால் மஹதி விதவை. அந்தக் கஷ்டத்தை என் பெண்ணுக்கு நான் ஒருநாளும் கொடுக்க மாட்டேன். எனவே முதல் நாள்.

சிங்கப்பூரில் இலை கிடைத்தது. வேம்பு பயந்தது வீண்.

மாப்பிள்ளை வீட்டார் மண்டபத்தில் வந்து இறங்கினார்கள். ஆரத்தி எடுத்தார்கள். பந்தியில் உட்காரும் முன் ஜானு மாமி என்னிடம் வந்து, "சொல்லிட்டேளோன்னோ மாமா?" என்று மெதுவாகக் கேட்டார்.

"மொதல் வேலையா சொல்லிட்டேன்" என்றேன்.

நிரஞ்சன் நல்ல பையன். மரியாதை தெரிந்தவன். சின்ன வயதிலிருந்து பழக்கமாகிப்போன ஒரு எச்சரிக்கையோடு இலையைப் பார்த்தான். "தேங்காய்ச் சட்னிதானே மாமா?" என்றான்.

"தேங்காய்தான் மாப்பிள்ளை."

மாப்பிள்ளையை மாமனார் பக்கத்தில் நின்று உபசாரம் செய்ய வேண்டும். போதும் என்றால் விடக் கூடாது. அது வழக்கம். பரிமாறுகிறவர் கையிலிருந்து கரண்டியை வாங்கினேன். ஒரு கரண்டி போதும் என்றான். இரண்டு போட்டேன். முதல் வாயிலேயே கையை உதறிவிட்டு எழுந்தான். பேச முயன்றான். ஆம்புலன்ஸ் பதினொரு நிமிஷத்தில் வந்தது. அந்த ஊரில் எல்லாம் ஒழுங்கு. பதினொரு நிமிஷம் அதிகமாகிவிட்டது.

அங்கேயே போலீஸ் விசாரித்தது. ஜானு மாமி என்னிடம் சொன்னதாகச் சொன்னார். நான் கிச்சாவிடம் சொன்னதாகச் சொன்னேன். கிச்சா, யாரும் சொல்லவில்லை என்றார். ஒருவர் பதினைந்து வருஷம் சட்னியில் ஊரை ஏமாற்றியவர். இன்னொருவர் ஓய்வுபெற்ற ஆசிரியர். விசாரித்தவர்களைக் குறை சொல்ல முடியாது.

கிச்சாவைப் பல வாரம் அங்கேயே வைத்திருந்து அனுப்பினார்கள். இங்கே அவருக்கு முன்பே செய்தி வந்துவிட்டது. இப்போது கே.கே. நகரில் ஒரு மெஸ்ஸில் பார்சல் கட்டுகிறார். போன மாதம் என் வீட்டு வாசலில் வந்து நின்றார். உள்ளே வரவில்லை.

"நீங்க சொல்லித்தான் இருப்பேள் மாமா. நேக்குத்தான் மறந்துபோயிருக்கு. ராத்திரி பகலா யோசிச்சுப் பார்க்கறேன், ஞாபகம் வரமாட்டேங்கறது. மன்னிச்சேன்னு ஒரு வார்த்தை சொல்லுங்கோ."

மன்னித்தேன் என்று சொன்னேன். ஆனால் அது மனதுக்குச் சரியாகப் படவில்லை. செய்யாத தப்புக்கு ஒரு மாணவன் பெஞ்சு மேல் நிற்பதை நான் வகுப்பில் அனுமதித்ததில்லை. அதனால்தான் இந்தக் கடிதம். நான் கிச்சாவிடம் சொல்லவில்லை. தெரிந்தே சொல்லவில்லை. தெரிந்தே அவரைத் தேர்ந்தெடுத்தேன். தெரிந்தே என் கையால் பரிமாறினேன். நிரஞ்சனைக் கொன்றவன் நான்.

உறைமேல் எழுதியிருக்கிறபடி என் காலத்துக்குப் பிறகே இதைப் பிரித்திருப்பீர்கள்; படித்துவிட்டுக் கிச்சாவிடம் கொடுங்கள். இப்போது கொடுத்தால் மஹதி தனியாகிவிடுவாள். கிச்சா என்னைவிட ஆறு வயது இளையவர். காத்திருக்கலாம்.

மஹதி என்னோடு அதே விமானத்தில் திரும்பினாள். பள்ளிக்கூடத்துக்குப் போகிறாள். பேச்சு குறைந்திருக்கிறது, அவ்வளவுதான். சித்திரையில் ஜானு மாமி வந்து அவளோடு அறையில் ஒரு மணி நேரம் இருந்துவிட்டுப் போனார். மறுவாரம் மஹதி தி. நகருக்கு வேம்புவைப் பார்க்கப் போனாள். எதற்கு என்று கேட்டேன்.

"பழைய நோட்டை வெச்சிருக்காரான்னு பார்க்கப் போனேன். வெச்சிருக்கார்" என்றாள்.

அன்று மாலையே ஒரு புது நோட்டு வாங்கிவந்து என் எதிரில் உட்கார்ந்தாள்.

"அப்பா, உங்களுக்கு என்னென்ன ஆகாது?"

பெனிசிலின் என்றேன். எழுதிக்கொண்டாள். சர்க்கரை மாத்திரையைப் பற்றியும் சொன்னேன். அளவு கூடினாலோ, போட்டுக்கொண்டு சாப்பிடாமல் படுத்தாலோ எழுந்திருக்க மாட்டீர்கள் என்று டாக்டர் எச்சரித்திருக்கிறார்.

"நன்னா யோசிச்சு சொல்லுங்கோ. அவ்வளவுதானா?"

"அவ்வளவுதாம்மா."

தேதி போட்டு அடிக்கோடிட்டாள். அன்றிலிருந்து மாத்திரையை என்னை எடுக்க விடுவதில்லை. அவளே பிரித்து, உள்ளங்கையில் வைத்துத் தண்ணீரோடு கொண்டுவருகிறாள். நான் விழுங்கும்வரை நின்று பார்க்கிறாள். பெண் பக்கத்தில் இருந்தால்தான் இந்தக் கவனிப்பெல்லாம் கிடைக்கும்.

ஆகவே இந்த உறை உங்கள் அலமாரியில் பல வருஷம் இருக்க வேண்டிவரும். கரையான் வராத தட்டாகப் பார்த்து வைக்கும்படி அதன்மேலேயே எழுதியிருக்கிறேன்.

கஸ்தூரிரங்கன்