படகு அடையும் கரை

ஓவாய்: கேக்குதா? போன வச்சிடாத. அப்படியே சட்டைப் பையில போட்டுக்க.

நிகனோர்: உங்கப்பா பாத்துட்டா?

ஓவாய்: பையில கிடக்கற போன யாரு பாக்கப் போறா... நான் துறைமுகத்துக் கடையில உக்காந்து மூச்சுகூட விடாம கேட்டுக்கிட்டிருப்பேன்.

நிகனோர்: நீ தாராளமா மூச்சு விடு. சத்தம் மட்டும் வராம...

ஓவாய்: அத நான் பாத்துக்கறேன். நீ யாருன்னு கேட்டா தெக்குத் தீவுக்காரன், பழைய சொல்லுங்கள சேகரிக்க வந்திருக்கேன்னு சொல்லு. மருமகன்னு எடுத்த எடுப்புல சொல்லிடாத. கையில கோடாலி இருக்கும்.

நிகனோர்: கோடாலியா?

ஓவாய்: படகு செதுக்கற கோடாலிதான். முதல்ல அவர் சிரிக்கட்டும். சிரிச்சாருன்னா சொல்லு. இல்லன்னா சாயங்காலக் கப்பல்லயே திரும்பிருவோம். இன்னொரு தடவ அவர் முகத்தத் திருப்பிக்கறத என்னால பாக்க முடியாது.

நிகனோர்: சிரிக்க வைக்கறேன். பேரு சொல்லிக் கூப்பிடலாமா?

ஓவாய்: ஸ்யமன் ஓவாய்னு கூப்பிடு.

நிகனோர்: ஓவாயோட அப்பா... மூணு வருஷமா உங்கூட ஒரு வார்த்த பேசல. ஆனா ஊர்ல எவன் கூப்பிட்டாலும் உன் பேருக்குத்தான் திரும்பிப் பாக்கறாரு.

ஓவாய்: முதல் பிள்ள பொறந்தா அப்பன் பேரு மாறிடும், எங்க வழக்கம் அது. அவரு மட்டும் என்ன செய்வாரு.

நிகனோர்: பேரப்பிள்ள வந்தா ஸ்யமன் போய் ஸ்யபென் ஆயிடும், இல்ல?

ஓவாய்: அந்தப் பேச்சு இப்ப வேணாம். ஆமா, படகப் பாத்துட்டு மீன் பிடிக்கப் போறீங்களான்னு கேட்டுத் தொலைக்காத.

நிகனோர்: எங்க ஊர்லயே கேக்க மாட்டோமே.

ஓவாய்: நீங்களுமா? இத எங்கிட்ட சொல்லவே இல்லயே.

நிகனோர்: கேக்காத கேள்விய எப்படிடி சொல்றது... இரு. படகு தெரியுது. சிவப்பு, வெள்ள, கருப்பு. ஆளு குனிஞ்சு செதுக்கிட்டிருக்காரு. பேசாத.

ஸ்யமன் ஓவாய்: டூரிஸ்டுன்னா அங்கயே நில்லு. படகத் தொடாத. போட்டோ எடுக்காத.

நிகனோர்: டூரிஸ்டு இல்லீங்க. ஸ்யமன் ஓவாய்தானே நீங்க? தெக்குத் தீவுலேர்ந்து வரேன். படான் தீவு, டியூரா கிராமம். பேரு நிகனோர்.

ஸ்யமன் ஓவாய்: தெக்குத் தீவா... எங்க பாட்டன்மாரு துடுப்புப் போட்டே போய்வந்த இடம். நீ எதுல வந்த?

நிகனோர்: விமானத்துல மணிலா. அங்கேர்ந்து இன்னொரு விமானம் தைபே. அப்புறம் ரயிலு, அப்புறம் கப்பல்.

ஸ்யமன் ஓவாய்: அடுத்த வீட்டுக்கு வர ஊரையே சுத்தியிருக்க.

நிகனோர்: நடுவுல நாட்டு எல்லைன்னு கோடு போட்டுட்டாங்களே. கோட்டச் சுத்தித்தான் வரணும்.

ஸ்யமன் ஓவாய்: இரு இரு. நீ பேசறது எனக்குப் புரியுதே... எங்க பேச்ச எங்க கத்துக்கிட்ட?

நிகனோர்: இது எங்க ஊர்ப் பேச்சுங்க. நான் எங்களதுல பேசறேன், நீங்க உங்களதுல பேசுங்க. எங்க முட்டுதுன்னு பாப்போம்.

ஸ்யமன் ஓவாய்: ரயில்ல வந்தேன்னியே. அந்த வழி முழுக்க பெரிய தீவுப் பழங்குடிங்க, அமிஸ்காரங்க, பைவான்காரங்க. எதிர்க்கரைதான். அவங்க பேசினா நான் பொம்ம மாதிரி நிப்பேன். கடல் தாண்டி வந்த உன் பேச்சு புரியுது. இது என்ன கூத்து?

நிகனோர்: அங்க பேச்சுங்கற மரம் பழசுங்க. பழைய மரத்துல கிளைங்க எப்பவோ பிரிஞ்சு ஆளுக்கொரு பக்கம் போயிடுச்சு. நீங்களும் நாங்களும் ஒரே கிளையில, நேத்து விட்ட ரெண்டு இல.

ஸ்யமன் ஓவாய்: அப்ப அவங்களும் உறவுதானா?

நிகனோர்: கைய நீட்டுங்க. இதுக்கு என்ன பேரு?

ஸ்யமன் ஓவாய்: லிமா. அஞ்சுக்கும் லிமா.

நிகனோர்: அமிஸ்காரரக் கேளுங்க, அஞ்சுக்கு லிமாம்பாரு. பைவான்காரரும் லிமாதான். புரியாதவங்ககிட்ட கைய நீட்டினா போதும், உறவு தெரிஞ்சிடும்.

ஸ்யமன் ஓவாய்: ம்... ஒண்ணுக்கு என்ன சொல்வ?

நிகனோர்: அசா.

ஸ்யமன் ஓவாய்: அசா. நாலு?

நிகனோர்: அபத்.

ஸ்யமன் ஓவாய்: அபத். எட்டு?

நிகனோர்: வாஹோ.

ஸ்யமன் ஓவாய்: தப்பு. வாஓ.

நிகனோர்: தப்பில்லீங்க. அதுலதான் விஷயமே இருக்கு. நான் சரக்குக் கப்பல்ல வேல பாத்தவன். சமையக்காரன் மடகாஸ்கர்காரன். இஞ்சின் பாக்கறவன் ஃபிஜிக்காரன். ஒருநா சீட்டாடறோம். எட்டு விழுது. ஒருத்தன் 'வாலு'ங்கறான், ஒருத்தன் 'வலு'ங்கறான், நான் 'வாஹோ'ங்கறேன். மூணு பேரும் அவனவன் ஊர்ப் பேச்சுல தன்னால சொன்னது. சீட்ட அப்படியே கீழ போட்டுட்டோம். அதுக்கப்புறம் சீட்டுக்குப் பதிலா சொல்லுங்கள வச்சுத்தான் ஆட்டம்.

ஸ்யமன் ஓவாய்: மடகாஸ்கர் எந்தப் பக்கம்?

நிகனோர்: மேக்க... போய்க்கிட்டே இருக்கணும். ஆப்பிரிக்காவ ஒட்டி.

ஸ்யமன் ஓவாய்: அவ்வளவு தூரம் நம்ம ஆளுங்க எப்படிப் போனாங்க?

நிகனோர்: படகுலதான்.

ஸ்யமன் ஓவாய்: எந்த மாதிரிப் படகு? பலகை வச்சுக் கட்டினதா, குடைஞ்சதா?

நிகனோர்: அது எனக்குத் தெரியலீங்க...

ஸ்யமன் ஓவாய்: முக்கியமானதக் கேக்காம விட்டுட்டு வந்திருக்க. சரி, எட்டுக்கு வா.

நிகனோர்: வலு, வாலு. அவங்க நடுவுல ஒரு 'ல' வச்சிருக்காங்க. எங்க ஊர்ல அது தேஞ்சு வெறும் மூச்சாயிடுச்சு. வாஹோ. உங்க ஊர்ல அந்த மூச்சும் போயிடுச்சு. வாஓ.

ஸ்யமன் ஓவாய்: நாங்க மூச்சத் தொலச்சவங்களா?

நிகனோர்: கோவிச்சுக்காதீங்க. தலைக்கு என்ன சொல்வீங்க?

ஸ்யமன் ஓவாய்: ஓஓ.

நிகனோர்: எங்களுக்கு ஓஹோ. பத்துக்கு நாங்க போஹோ.

ஸ்யமன் ஓவாய்: நாங்க போஓ... அட. எல்லாத்துலயும் அதே எடத்துல.

நிகனோர்: அதேதான். தற்செயலா ஒட்டின சொல்லுன்னா ஒவ்வொண்ணும் ஒவ்வொரு மாதிரி இருக்கும். இது ஒரே சீரா தேயுது பாருங்க. செதுக்கின தடத்தப் பாத்தா எந்தக் கோடாலின்னு நீங்க சொல்லிட மாட்டீங்களா? அது மாதிரி.

ஸ்யமன் ஓவாய்: சொல்லுவேன். யாரு கைன்னுகூட சொல்லுவேன். சரி, இதுக்கு என்ன பேரு?

நிகனோர்: படகுக்கா? தத்தயா.

ஸ்யமன் ஓவாய்: தத்தலா. லா. நல்லாக் கேளு, லா. எங்ககிட்ட பத்திரமா இருக்கு. நீதான் தொலச்சிருக்க.

நிகனோர்: ஒத்துக்கறேன். எட்டுல நீங்க தொலச்சீங்க, படகுல நாங்க தொலச்சோம்.

ஸ்யமன் ஓவாய்: படகத் தொலச்சவன் விமானத்துலதான் வருவான்.

நிகனோர்: ...சிரிச்சுட்டீங்க.

ஸ்யமன் ஓவாய்: இருமல். மரத்தூள் தொண்டையில போயிடுச்சு. பசிக்குதா? வக்காய் வெந்திருக்கும்.

நிகனோர்: எங்க ஊர்லயும் சக்கரவள்ளிக்கு வக்காய்தான்.

ஸ்யமன் ஓவாய்: அப்ப பேரு சொல்லித் தர வேணாம், எடுத்துத் தின்னு. தொட்டுக்க மீன் இருக்கு. அந்தக் கருப்பு மீன எடு.

நிகனோர்: வேணாங்க. இந்தக் கோலாக் கருவாடே போதும்.

ஸ்யமன் ஓவாய்: கருவாடு எப்பவும் கிடைக்கும். இது காலையில வந்தது. ஆம்பளைங்க மட்டும் திங்கற மீன், ருசி நாக்குலயே நிக்கும்.

நிகனோர்: வயிறு கொஞ்சம் சரியில்ல...

ஸ்யமன் ஓவாய்: சரியில்லாத வயித்துக்குள்ளதான் இத்தன வக்காய் போச்சா? ம்... சரி. வேணாம்னா வேணாம். நீ வந்து இவ்வளவு நேரம் ஆச்சு. இந்தப் படகப் பாத்தவன் எல்லாம் முதல்ல கேக்கற ஒண்ண நீ கேக்கவே இல்ல.

நிகனோர்: அத வாயால கேக்கக்கூடாதுங்களே.

ஸ்யமன் ஓவாய்: யாரு சொன்னா உனக்கு?

நிகனோர்: யாரும் சொல்லல. எங்கப்பா விடியறதுக்கு முன்னால துடுப்ப எடுத்துக்கிட்டு இறங்குவாரு. எங்க போறீங்கன்னு வீட்டுல ஒருத்தர் வாய் திறந்ததில்ல. திறந்தா...

ஸ்யமன் ஓவாய்: கேக்கக்கூடாத ஆவிங்க காதுல விழுந்திடும்.

நிகனோர்: விழுந்தா நமக்கு முன்னால போய்...

ஸ்யமன் ஓவாய்: மீன விரட்டிடும். அட, அட. சொல்றதெல்லாம் ஒண்ணா இருக்கு, சரி. சொல்லாம விடறதும் ஒண்ணா இருக்கே.

நிகனோர்: இத எந்தக் கப்பல்லயும் எனக்கு யாரும் சொல்லல.

ஸ்யமன் ஓவாய்: எனக்கும்தான். இரு, நான் ஒண்ணு சொல்றேன், நடுவுல பேசாத. வருஷத்துல மீன் பிடிக்கக் கடல் திறக்கற அன்னிக்கு ஆம்பளைங்க எல்லாரும் கரையில கூடுவீங்க. கோழி அறுப்பீங்க. ரத்தத்த விரல்ல தொட்டு...

நிகனோர்: கரையில வப்போம். எங்களுக்குப் பன்னியும் உண்டு.

ஸ்யமன் ஓவாய்: நடுவுல பேசாதன்னேன். அந்தச் சடங்குக்கு என்ன பேரு?

நிகனோர்: மாய்வனுவன்வா.

ஸ்யமன் ஓவாய்: எங்களுக்கு மிவன்வா. உள்ள இருக்கற சொல்லு?

நிகனோர்: வன்வா. படகு வந்து அடையற கரை.

ஸ்யமன் ஓவாய்: வன்வா... ஒரு பொட்டு தேயல.

நிகனோர்: ஃபிஜிக்காரன் வனுவாம்பான். ஆனா அவனுக்கு அது கரை மட்டும் இல்ல. நெலம், ஊரு, சனம், எல்லாம் சேத்து.

ஸ்யமன் ஓவாய்: இருக்கும். ரொம்ப நாள் கடல்லயே கிடந்தவனுக்குக் கரை கண்ணுல பட்டா அதுதான் ஊரு. நீ... படகுல ஏறு.

நிகனோர்: தொடக்கூடாதுன்னீங்க?

ஸ்யமன் ஓவாய்: டூரிஸ்டச் சொன்னேன். பின் இருக்கையில உக்காரு. கால நீட்டு. முட்டி இடிக்குதா?

நிகனோர்: இல்ல, சரியா இருக்கு. ரெண்டு ஆளு படகு இது. முன்னால நீங்க. பின்னால...

ஸ்யமன் ஓவாய்: அதையும் கேக்கக்கூடாது.

நிகனோர்: மன்னிச்சிடுங்க.

ஸ்யமன் ஓவாய்: எனக்கு ஒரு பொண்ணு. இதுக்கு முந்தின படக இறக்கின அன்னிக்கு, வழக்கப்படி படகு மேல சேம்புக் கிழங்கு அடுக்கினோம். படகே தெரியக்கூடாது, அப்படி மூடணும். அவ பேர்ல ஒரு வயலே விட்டு வச்சிருந்தேன். வந்து பறிச்சு அவ கையால அடுக்கணும்னு. வரல. பாதிப் படகு வெறுசா நின்னுச்சு. ஊரே பாத்துச்சு.

நிகனோர்: அன்னிக்குப் புயல், மாமா. கப்பல், விமானம் ஒண்ணும் கிளம்பல. எங்க தீவு பாஸ்கோ விமான நிலையத்துலயே படுத்துக் கிடந்து அழுதா...

ஸ்யமன் ஓவாய்: யாரு?

நிகனோர்: ...அழுதாங்க. ஜனங்க. புயல் காலத்துல ஜனங்க அழுவாங்களே.

ஸ்யமன் ஓவாய்: மாமாங்கற.

நிகனோர்: எங்க ஊர்ல பெரியவங்கள அப்படித்தான்...

ஸ்யமன் ஓவாய்: உன் சட்டைப் பை அழுவுது.

நிகனோர்: அது... போன் மணி.

ஸ்யமன் ஓவாய்: பால் கேக்கற மணி.

நிகனோர்: மாமா, நான் சொல்லத்தான் வந்தேன். நீங்க சிரிச்சதும் சொல்லணும்னு...

ஸ்யமன் ஓவாய்: நான் சிரிச்சு எவ்வளவு நேரமாச்சு. கருப்பு மீன நீ ஒதுக்கினப்பவே தெரியும்டா. வீட்டுல பால் குடிக்கற பிள்ள இருந்தா எங்க ஊர் அப்பன் அதத் தொடமாட்டான். உங்க தீவுல அந்த வழக்கம் உண்டா?

நிகனோர்: இல்ல... அவ சொல்லி அனுப்பினா.

ஸ்யமன் ஓவாய்: அவ யாருன்னு நான் கேட்டேனா? கேக்காம இருக்கறதுதான் ரெண்டு தீவுக்கும் வழக்கமாச்சே.

ஓவாய்: அப்பா.

நிகனோர்: கோடாலியக் கீழ வச்சிட்டாரு, ஓவாய். நீ பேசு.

ஓவாய்: அப்பா... இந்தப் படகுக்கு சேம்பு நான் அடுக்கறேன். ஒரு பலகைகூடத் தெரியாது.

ஸ்யமன் ஓவாய்: பையில இருந்துக்கிட்டேவா அடுக்குவ?

ஓவாய்: வரட்டுமா?

ஸ்யமன் ஓவாய்: பிள்ள ஏன் இன்னும் அழுவுது? முதல்ல பால் குடு. பேரு என்ன?

ஓவாய்: வக்கல. தாத்தா இருக்கறப்ப நான் எப்படி வக்கறது. இவளுக்குப் பேரு இல்லாததால இவருக்கும் மாறல, எனக்கும் மாறல.

நிகனோர்: எல்லாரும் பழைய பேருலயே நிக்கறோம், மாமா.

ஸ்யமன் ஓவாய்: பொண்ணா...

ஓவாய்: பொண்ணு. உங்க மூக்கு.

ஸ்யமன் ஓவாய்: அப்ப நீங்க ரெண்டு பேரும் இங்க வராதீங்க. செதுக்கற படகுகிட்ட பொண்ணுங்க வரக்கூடாது. அங்கயே இரு, நான் வரேன்.

ஓவாய்: அப்பா, நிஜமாவா? கடைக்கார அக்கா யாரு வராங்கன்னு கேக்கறா. ஸ்யமன் ஓவாய் வராருன்னு சொல்லவா?

ஸ்யபென் வன்வா: இல்ல. வன்வாவோட தாத்தா வராருன்னு சொல்லு. கொஞ்சம் நேரமாகும்னும் சொல்லு. மருமகன அளவெடுக்கத்தான் படகுல ஏத்தினேன், ஆளு இறங்கவே மாட்டேங்கறான்.